ஆதி மனிதன் எங்கே இருக்கிறான்?

ஒரு மனிதனைப் பழித்துரைக்க வேண்டுமானால் அவனைக் காலத்தால் பின்னுக்குத் தள்ளிவிட்டால் போதும் என்னும் வழக்கம் எப்படியோ நம்முள் ஊறிப்போய்விட்டது. 'காட்டுவாசி' என்கிறோம், 'கற்காலத்து ஆள்' என்கிறோம், 'நாகரிகம் தெரியாதவன்' என்கிறோம். இச்சொற்களைச் சொல்லும்போது, காலம் என்பது ஓர் ஏணி என்றும், அதன் உச்சிப்படியில் நாம் நிற்கிறோம் என்றும், கீழ்ப்படியில் நிற்பவன் நம்மிலும் குறைந்தவன் என்றும் நமக்குள்ளேயே முடிவு கட்டிக்கொள்கிறோம். இம்முடிவு நீதியானதுதானா? இக்கேள்வியை நான் எந்த ஏட்டிலும் கண்டெடுக்கவில்லை. திருப்பூரில் ஒரு சுவரின் முன்னால் நின்றபோது அது என்னைத் தேடி வந்தது.

சில ஆண்டுகளுக்கு முன்பு, பின்னலாடை ஏற்றுமதி நிறுவனம் ஒன்றில் தொழிலாளர் விடுதியை மேற்பார்க்கும் பொறுப்பு எனக்கு இருந்தது. தீபாவளி விடுமுறையில் திருப்பூர் வெறிச்சோடிக் கிடக்கும் என்பதை இவ்வூரார் அறிவர். பனியன் கம்பெனிகளின் கதவுகள் பூட்டப்பட்டிருக்கும். ஓவர்லாக் எந்திரங்களின் ஓசை அடங்கியிருக்கும். தென் மாவட்டத்துத் தொழிலாளர்கள் போனஸ் பணத்தோடு பேருந்து ஏறியிருப்பார்கள். இரண்டு மூன்று நாள் ரயிலில் சென்றுதான் ஊர் சேர முடியும் என்ற நிலையிலுள்ள வடநாட்டுப் பிள்ளைகள் பலர் விடுதியிலேயே தங்கிவிடுவார்கள். அவ்வாறு தங்கியவர்களுள் ஜார்க்கண்ட் மாநிலத்து ஹஜாரிபாக் பக்கத்திலிருந்து வந்த இளைஞன் ஒருவன் இருந்தான். செக்கிங் மேசைக்குப் பீஸ் சுமந்து அடுக்குவது அவன் வேலை. சம்பளப் பதிவேட்டில் அவன் பெயருக்கு எதிரே 'ஹெல்பர்' என்று எழுதியிருக்கும். அதாவது, தொழில் தெரியாதவன்.

விடுமுறை முடிந்து நான் விடுதிக்குள் நுழைந்தபோது, சமையலறையில் புகை படிந்து கறுத்துக் கிடந்த சுவர் வெள்ளையாகியிருந்தது. வெள்ளைக்குள்ளே கறுப்புக் கோடுகளாய் ஒரு மாடும், ஒரு மயிலும், இன்ன செடியென்று சொல்லவியலாத ஒரு கொடியும் நின்றன. சுண்ணாம்பைக் கரைத்துப் பூசி, அது ஈரமாக இருக்கும்போதே உடைந்த சீப்பு ஒன்றால் சுரண்டி, அடியிலிருந்த கருமையைக் கோடுகளாக வெளிக்கொணர்ந்திருக்கிறான். மறுநாள் வெளிநாட்டு பையரின் சார்பில் ஆடிட் செய்ய ஆட்கள் வரவிருந்தார்கள். "என்ன இது, காட்டுவாசிக் கிறுக்கல்!" என்று சொல்லி, அன்று மாலையே சுவர் முழுவதற்கும் வெள்ளையடிக்கச் செய்தேன். உத்தரவும் என்னுடையது, அந்தச் சொல்லும் என்னுடையது.

அவன் கோபப்படவில்லை. தனக்குத் தெரிந்த தமிழில் மெல்லச் சொன்னான்: "அழிச்சது பரவாயில்லை பாய். எங்க ஊர்ல மழை வந்தா அதுவே போயிடும். அடுத்த வருஷம் அம்மா திரும்பப் போடும். ஆனா நீங்க ஒரு தடவை பாத்துட்டு அழிச்சிருக்கலாம்."

பார்த்துவிட்டு அழித்திருக்கலாம்! கண் திறந்திருந்தும் நான் பார்க்கவில்லை என்பதை அவன் கண்டுகொண்டான். அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. ஏன் பார்க்கவில்லை என்று என்னையே கேட்டுக்கொண்டு கிடந்தபோது, இப்படிப்பட்ட சுவர்களைப் பார்ப்பதற்காகவே தம் வாழ்நாளின் பிற்பகுதியைச் செலவிட்ட ஓர் ஓவியரின் நினைவு வந்தது.

அவர் ஜகதீஷ் சுவாமிநாதன். 1928இல் சிம்லாவில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். இளமையில் அரசியலில் இறங்கிப் பொதுவுடைமைக் கட்சியில் உழைத்தார், பத்திரிகைகளில் எழுதினார், அதன் பின்னரே முழுநேர ஓவியரானார். 1962இல் குஜராத்தின் பவநகரில் ஒரு வீட்டில் ஓவியர் சிலர் கூடித் தம் குழுவுக்கு அவ்வீட்டின் இலக்கத்தையே பெயராக்கி 'குரூப் 1890' என்று வைத்தனர். சுவாமிநாதன் அவர்களுள் முதன்மையானவர். மறு ஆண்டு தில்லியில் நடந்த அக்குழுவின் கண்காட்சியைத் திறந்துவைத்தவர் ஜவஹர்லால் நேரு. அப்போது இந்தியாவில் மெக்சிகோ நாட்டுத் தூதராயிருந்த கவிஞர் ஒக்தாவியோ பாஸ் அக்கண்காட்சியின் கையேட்டுக்கு முன்னுரை எழுதினார்.

சுவாமிநாதனுக்குப் பெரும்புகழ் சேர்த்தவை 1960களின் பிற்பகுதி தொடங்கி அவர் வரைந்த பறவை, மரம், மலை ஓவியங்கள். ஒரே வண்ணம் பரந்து கிடக்கும் வெளி. அதில் ஒரு மலை. சில வேளைகளில் அம்மலை தரையைத் தொடாமல் அந்தரத்தில் நிற்கும். அருகே ஒரு சிறு பறவை. அவ்வளவுதான். மனிதர் இல்லை; கதை இல்லை; நிழலின் சாயல்கூட அரிது. எதையெல்லாம் நீக்க முடியுமோ அதையெல்லாம் நீக்கிவிட்டு, நீக்கவே முடியாததை மட்டும் எஞ்சவைக்கும் கலை இது.

இக்கலையின் சுவை நம் வாசகர்களுக்குப் புதியதன்று. உருவம் ஏதுமற்ற பள்ளிவாசலின் வெண்சுவரையும், அதில் ஒரே வரியாய் ஓடும் எழுத்தையும், ஒன்றுக்குள் ஒன்று புகுந்து விரியும் கோணங்களையும் கண்டு வளர்ந்த கண்களுக்குக் குறைவில் நிறைவு காண்பது எளிது. சுவாமிநாதனின் காலத்திலேயே வாழ்ந்த நஸ்ரின் முஹம்மதி அவ்வழியின் எல்லை வரை சென்றவர். 1937இல் கராச்சியில் பிறந்து, பரோடாவில் ஓவியம் கற்பித்து, 1990இல் மறைந்த அவ்வம்மையார் வெள்ளைத் தாளில் மெல்லிய கோடுகளைத் தவிர வேறெதுவும் வேண்டாம் என்று வாழ்ந்தார். தறியில் விறைத்து நிற்கும் பாவு நூல்களை அவர் எடுத்த நிழற்படங்களும் உண்டு. நூலோடு பிழைக்கும் நம்மூர்க்காரர்களுக்கு அவற்றை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

நஸ்ரின் கோட்டிலேயே நின்றுவிட்டார். சுவாமிநாதன் வேறொரு திசையில் திரும்பினார். 1982இல் போபால் நகரில் பாரத் பவன் என்னும் கலை மாளிகை திறக்கப்பட்டது. சார்லஸ் கொரியா வடிவமைத்த கட்டடம் அது. அதிலுள்ள ரூபங்கர் அருங்காட்சியகத்தின் பொறுப்பு சுவாமிநாதனிடம் ஒப்படைக்கப்பட்டது; 1990 வரை அதை அவர் நடத்தினார். மாணவர்களை மத்தியப் பிரதேசத்தின் சிற்றூர்களுக்கு அனுப்பி, ஆதிவாசிகளின் சுவர் ஓவியங்களையும் மண் உருவங்களையும் உலோக வார்ப்புகளையும் தேடச் செய்தார். கிடைத்தவற்றை நகரத்து ஓவியர்களின் படைப்புகளோடு ஒரே கூரையின் கீழ், ஒரே மதிப்போடு வைத்தார். ஆதிவாசியின் கலையைப் பழம்பொருளாகக் காட்டும் வழக்கத்தை அவர் ஏற்கவில்லை. அது இன்றைய கலை என்பதே அவர் வாதம். ஆதிவாசி நமக்கு முன்னால் வாழ்ந்து முடிந்தவன் அல்லன்; நம்மோடு, இந்த நாளில், இதே வெயிலில் வாழ்பவன்.

அப்பணி அவருடைய தூரிகையையும் மாற்றிற்று. 1980களின் பிற்பகுதியில் அவருடைய திரையிலிருந்து பறவை பறந்துவிட்டது. மலை ஒரு முக்கோணமாகச் சுருங்கியது. மண்ணின் செம்மையும் காவியும் கருமையும் வந்தன. குகைச் சுவர்போல் சொரசொரத்த பரப்பில் வளைகோடுகளும், புள்ளிகளும், எழுத்துப்போல் தோன்றி எழுத்தாகாத குறிகளும் படிந்தன. 1960களின் தொடக்கத்திலேயே தொல்குறிகளை வரைந்து பார்த்தவர் அவர். ஆகவே இதைத் திரும்பி வருதல் என்றும் சொல்லலாம். போபாலிலிருந்து ஏறத்தாழ 45 கிலோமீட்டர் தொலைவில் பீம்பேட்கா பாறைக் குகைகள் உள்ளன. 1957இல் வாகண்கர் என்னும் அறிஞர் உலகறியச் செய்த அக்குகைகளில், ஒரு தலைமுறை வரைந்ததன் மேலேயே அடுத்த தலைமுறையும் வரைந்து, பல்லாயிரம் ஆண்டுகள் ஒரே சுவரில் அடுக்கடுக்காய்ப் படிந்து கிடக்கின்றன.

குறைத்துக்கொண்டே போன ஓவியர் ஆதியில் சென்று நின்றதில் ஓர் ஒழுங்கு இருக்கிறது. கதையை நீக்கி, உருவத்தை நீக்கி, அலங்காரத்தை நீக்கிய பின் என்ன எஞ்சும்? ஒரு சுவரும், அதன்மேல் ஒரு கை பதித்த குறியும் எஞ்சும். 'நான் இங்கே இருந்தேன்' என்று சொல்லும் அக்குறியில்தான் மனிதன் தொடங்கினான். எல்லாக் காலத்துக்கும் கீழே அஸ்திவாரம்போல் அது கிடக்கிறது. வீட்டின் அஸ்திவாரத்தை வீட்டுக்குப் 'பின்னால்' இருப்பதாக எவரும் சொல்வதில்லை.

ஆனால் இங்கே இரண்டு மறுப்புகள் எழும். அவற்றை ஒதுக்கிவிட்டுப் போவது நேர்மையாகாது.

முதல் மறுப்பு மார்க்கப் பற்றுள்ள நெஞ்சிலிருந்து வருவது. வஹீயின் ஒளி பெற்ற நாம், இருண்ட காலத்தின் கீறல்களைப் போற்றலாமா? இதற்கு விடை, இருள் என்று நாம் எதைச் சொல்கிறோம் என்பதில் இருக்கிறது. 'ஜாஹிலிய்யா' என்று நாம் குறிப்பிடும் அறியாமைக் காலத்து மக்கத்துக் குறைஷியர் குகைவாசிகள் அல்லர். தொலைதூர வணிகம் நடத்தியவர்கள், கவிதையில் தேர்ந்தவர்கள், கணக்கறிந்தவர்கள். அவர்கள் வாழ்ந்த சமூகத்தில்தான் பெண் மகவை உயிரோடு புதைக்கும் கொடுமையும், அடிமையை அடித்துத் துன்புறுத்தும் செருக்கும் இருந்தன. அறியாமை என்பது கல்லாயுதத்தின் பெயரன்று. எளியவனைக் கண்டும் காணாதிருக்கும் நெஞ்சின் பெயர். திருமறையோ பூமியில் பயணம் செய்து படைப்பின் தொடக்கத்தை உற்றுநோக்குமாறு அன்கபூத் அத்தியாயத்தில் மனிதனை அழைக்கிறது. தொடக்கத்தைப் பார்ப்பது நமக்கு விலக்கப்பட்டதன்று, ஏவப்பட்டது.

உருவம் வரைவதைப் பற்றி நம் உலமாக்களின் கருத்துகளை வாசகர்கள் அறிவார்கள். மாட்டையும் மயிலையும் நம் வீட்டுச் சுவரில் நாம் வரையாதிருக்கலாம். அது நமது ஒழுங்கு. ஆனால், வரைந்தவனை இகழ்வதற்கு அது உரிமைச் சீட்டு ஆகாது. அன்று என்னை ஏவியது மார்க்கமும் அன்று. ஆடிட்டைப் பற்றிய அச்சமும், அவன் என்னிலும் தாழ்ந்தவன் என்னும் எண்ணமுமே என்னை ஏவின.

இரண்டாவது மறுப்பு இன்னும் கூர்மையானது. நகரத்து ஓவியர் ஆதிவாசியின் குறிகளை எடுத்துத் தம் திரையில் வைத்துக்கொள்வது ஆதிவாசிக்கு என்ன தந்தது? போற்றுதலும் ஒருவகைப் பறித்தல் ஆகாதா?

இக்கேள்விக்கு முன்னால் ஜங்கட் சிங் ஷியாம் என்னும் கலைஞரை நிறுத்த வேண்டும். மத்தியப் பிரதேசத்துப் பாட்டன்கட் என்னும் சிற்றூரில், கோண்டு மக்களுக்குக் குலக்கதைகளைப் பாடிவந்த பர்தான் குடியில் பிறந்தவர். அவர் வரைந்த சுவர் ஓவியம் சுவாமிநாதன் அனுப்பியவர்களின் கண்ணில் பட்டது. அவர் போபாலுக்கு அழைத்துவரப்பட்டார். தாளும் வண்ணமும் அவர் கைக்கு வந்தபோது, பாட்டில் வாழ்ந்த தெய்வங்களும் விலங்குகளும் மரங்களும் புள்ளிகளாகவும் கோடுகளாகவும் பொங்கின. 1989இல் பாரிஸ் நகரின் பெருங்கண்காட்சி ஒன்றில் அவர் ஓவியங்கள் இடம்பெற்றன. அவர் வழியில் அவருடைய உறவினரும் ஊராரும் வரையத் தொடங்கினார்கள். இன்று அப்பாணிக்கே 'ஜங்கட் கலம்' என்று பெயர். பெயரற்ற 'ஆதிவாசிக் கலை' என்று சொல்லப்பட்டு வந்ததற்கு ஒரு மனிதனின் பெயர் கிடைத்தது. பெயர் சொல்லி அழைப்பதுதான் நீதியின் முதற்படி. அந்த அளவில் சுவாமிநாதன் செய்தது வெறும் பறித்தல் அன்று.

ஆயினும் கதை அங்கே முடியவில்லை. சுவாமிநாதன் 1994இல் மறைந்தார். 2001இல், ஜப்பானில் ஓர் அருங்காட்சியகத்துக்காக வரையச் சென்றிருந்த ஜங்கட் சிங் ஷியாம், ஊர் திரும்பாமலே அந்நிய மண்ணில் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். அவருக்கு வயது ஏறத்தாழ நாற்பது. ஒரு மனிதன் இறுதிக் கணத்தில் என்ன நினைத்தான் என்பதை இறைவனே அறிவான். அதில் நாம் தீர்ப்புரைக்கலாகாது. ஆனால் அவருடைய ஓவியங்களைச் சுவரில் ஏற்றிய உலகம், அவரைத் தாங்கிப் பிடிக்கவில்லை என்று சொல்லலாம். கையைப் புகழ்வது எளிது. அந்தக் கைக்குரியவன் ஊருக்குப் போக நினைத்தால் போக முடிகிறதா, தனிமையில் வாடினால் கேட்க ஆள் இருக்கிறதா என்று பார்ப்பதுதான் கடினம். ஓவியத்தைப் பார்த்தவர்கள் ஓவியனையும் பார்க்க வேண்டும். சுவாமிநாதன் தொடங்கிய பணியில் பின்வந்தோர் முடிக்க வேண்டியிருந்த பாதி இதுவே என்பது என் எண்ணம்.

இவையெல்லாம் போபாலின் கதை, நமக்கென்ன என்று சொல்லிவிடவும் முடியாது. ஆதி நம் காலடியிலும் இருக்கிறது. கோவைக்கு அருகே குமிட்டிபதிக் குன்றில் வெண்ணிறப் பாறை ஓவியங்கள் உள்ளன. திருப்பூருக்குக் கிழக்கே நொய்யல் கரையில் கொடுமணல் இருக்கிறது. பதிற்றுப்பத்து கூறும் கொடுமணம் இதுவே என்பர். 1980களின் நடுவில் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் அங்கே அகழ்ந்தபோது, பெருங்கற்காலத்து ஈமச்சின்னங்களும், மணி செய்த பட்டறைகளின் தடயங்களும், குறிகளும் தமிழி எழுத்துகளும் கீறிய பானையோடுகளும், நூல் நூற்ற தக்களிகளின் சுடுமண் வட்டுகளும் வெளிப்பட்டன. இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இவ்வாற்றங்கரையில் ஒருவர் பஞ்சை நூலாக்கியிருக்கிறார். ஒருவர் தம் பானையில் தம் குறியைக் கீறியிருக்கிறார். சுவாமிநாதனின் கடைசித் திரைகளிலும், என் விடுதிச் சுவரிலும் இருந்தது அதே கீறல்தான்.

அதே நொய்யலில் நாம் என்ன விட்டுச் செல்கிறோம்? சாயப்பட்டறைக் கழிவால் ஆறு கெட்டது. ஒரத்துப்பாளையம் அணையில் தேங்கிய நீர் உழவுக்கு உதவாமற்போயிற்று. 2011இல் சென்னை உயர்நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடுமாறு உத்தரவிடும் அளவுக்கு நிலைமை முற்றியது. கொடுமணத்தார் நமக்கு விட்டுச் சென்றவை மணியும் தக்களியும் ஓடும். காலத்தை ஏணியாக வைத்து மனிதரை அளப்பவர்கள் இந்த ஆற்றின் கரையில் நின்று ஒருமுறை அளந்து பார்க்கட்டும்.

அந்த இளைஞனின் ஊரைப் பற்றியும் பின்னர்தான் அறிந்தேன். ஹஜாரிபாக் பகுதியில் இஸ்கோ என்னுமிடத்துப் பாறை ஓவியங்களை 1991இல் வெளியுலகுக்குக் கொணர்ந்தவர் புலு இமாம் என்னும் முஸ்லிம் அறிஞர். விடுதலைக்கு முன் காங்கிரஸ் தலைவராயிருந்த சையத் ஹசன் இமாமின் பேரர் அவர். அப்பாறைக் கீறல்களுக்கும், அறுவடைக் காலத்தில் சோஹ்ராய் என்றும் மணக்காலத்தில் கோவர் என்றும் சுற்றுப்புறச் சிற்றூர்ப் பெண்கள் தம் மண்சுவர்களில் வரையும் ஓவியங்களுக்கும் உறவு உண்டென்று அவர் எடுத்துக்காட்டினார். கருமண் பூசி, அதன்மேல் வெண்மண் பூசி, ஈரம் காயுமுன் சீப்பால் சுரண்டுவது கோவர் முறை. 2020இல் இந்த ஓவியங்களுக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. மத்திய அரசு பத்மஸ்ரீ விருதளித்துப் போற்றிய ஓர் அறிஞர் வாழ்நாளெல்லாம் பாடுபட்டுக் காத்த கலையை, ஒரு தாய் தன் மகனுக்குக் கைவழியாகக் கொடுத்தனுப்பிய கலையை, திருப்பூரில் ஒரு சமையலறைச் சுவரில் பார்க்கும் பேறு எனக்கு வாய்த்திருந்தது. பதிவேட்டில் அவனைத் 'தொழில் தெரியாதவன்' என்று எழுதியிருந்தோம்.

அவன் இப்போது திருப்பூரில் இல்லை. பொங்கல் கழிந்ததும் வேறு ஊருக்குப் போய்விட்டான். மன்னிப்புக் கேட்க நான் எண்ணித் துணிவதற்குள் அவன் படுக்கையில் வேறொருவன் வந்து படுத்திருந்தான். கடன் பட்டவன், கடன் கொடுத்தவனைக் காணாது நிற்கும் நிலை என்னுடையது.

வாசக அன்பர்களே, நம்மில் பலர் இவ்வூரில் வீடுகளையும் அறைகளையும் வடநாட்டுத் தொழிலாளர்களுக்கு வாடகைக்கு விட்டிருக்கிறோம். பலர் அவர்களை வேலைக்கு வைத்திருக்கிறோம். பலர் அவர்களோடு ஒரே மேசையில் நிற்கிறோம். 'ஹிந்திக்காரன்' என்ற ஒற்றைச் சொல்லில் அவர்களை அடக்கிவிடுகிறோம். அவர்களுள் எவர் எந்த ஊர், அவ்வூர்ச் சுவரில் என்ன வரைவார்கள், அவருடைய தாய் என்ன பாட்டுப் பாடுவார் என்று கேட்க ஒரு நாழிகை போதும். வெள்ளையடிக்க வேண்டிய சுவருக்கு வெள்ளையடித்துத்தான் ஆக வேண்டும். ஆடிட்டும் வரத்தான் செய்யும். அதற்கு முன்னால், வரைந்தவனை அருகில் அழைத்து, இது என்ன தம்பி என்று கேட்டு, அவன் சொல்லி முடிக்கும்வரை நின்று பார்த்துவிட்டு அழிப்போமாக.